கல்கத்தா தந்த ஓட்ட வீரர்

இந்தியாவின் கணக்கில் ஒலிம்பிக் பதக்கம் பெற்ற முதல் வீரர் நார்மன் பிரிச்சார்டு. நம்மில் பலர் கேள்விப்படாத பெயர். ஆங்கிலேயப் பெற்றோருக்கு 1875-இல் கல்கத்தாவில் பிறந்தவர்.

சேசு சபைக் குருக்களின் புனித சவேரியார் கல்லூரிதான் அவருக்குக் கல்வியையும் விளையாட்டுத் திடலையும் தந்தது. 1894 முதல் 1900 வரை தொடர்ந்து ஏழு ஆண்டுகள் வங்காள மாகாணத்தின் 100 கஜ ஓட்டத்தில் அவரே முதலிடம் பெற்றார். கால்பந்திலும் சளைத்தவரல்லர், 1897-இல் கல்லூரிக்காக ஆடி, சோவாபஜார் அணிக்கு எதிராக ஒரே ஆட்டத்தில் மூன்று கோல்கள் போட்டார்.

1900-இல் இங்கிலாந்து சென்றவர், அங்கிருந்து பாரீஸ் ஒலிம்பிக்கில் கலந்துகொண்டார். அன்றைய ஒலிம்பிக்கை இன்றைய கோலாகலத்தோடு ஒப்பிடலாகாது. உலகக் கண்காட்சியின் ஓர் அங்கமாக அது நடந்தது. தாம் ஓடுவது ஒலிம்பிக் என்று அறியாமலே ஓடியவர்களும் உண்டாம்! தனி ஓடுதளம் இல்லை, மரங்கள் சூழ்ந்த புல்தரைதான். பிரிச்சார்டு ஐந்து போட்டிகளில் இறங்கினார். 110 மீட்டர் தடை தாண்டும் ஓட்டத்தின் இறுதிச் சுற்றை அவர் முடிக்கவில்லை. ஆனால் 200 மீட்டர் தடை தாண்டும் ஓட்டத்தில் கிரான்ஸ்லைனுக்கும், 200 மீட்டர் ஓட்டத்தில் டியூக்ஸ்பரிக்கும் அடுத்து இரண்டாமிடம் பெற்றார். முந்திய இருவரும் அமெரிக்கர்.

இப்பதக்கங்கள் யாருக்குச் சொந்தம்? பிரிட்டனுக்கே உரியவை என்று வாதிடுவோர் உளர். அனைத்துலக ஒலிம்பிக் குழுவோ இந்தியாவின் கணக்கிலேயே வைத்திருக்கிறது. அதுவே நியாயம் என்பது எமது எண்ணம். அவர் பிறந்ததும் படித்ததும் ஓடிப் பழகியதும் இங்கேதான். ஒரகடம் ஆலைகளில் வேலை செய்ய வங்காளத்திலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் வந்த குடும்பத்தின் பிள்ளை, நாளை நம் பள்ளித் திடலில் ஓடிப் பழகிப் பரிசு வாங்கினால், நம்மூர்ப் பிள்ளை என்றுதானே சொல்லிக்கொள்வோம்?

பாரீசிலிருந்து திரும்பியவர் இந்தியக் கால்பந்துச் சங்கத்தின் செயலாளராக 1902 வரை பணிபுரிந்தார். 1905-இல் நாட்டைவிட்டுச் சென்றார். பிறகு அவர் வாழ்க்கை வேறு திசையில் ஓடியது. லண்டன் நாடக மேடையில் ஏறி, அமெரிக்கா சென்று, நார்மன் டிரெவர் என்ற பெயரில் ஊமைப் படங்களில் நடித்தார். 1926-இல் வெளிவந்த ‘போ கெஸ்ட்’ அவற்றுள் ஒன்று. 1929-இல் கலிபோர்னியாவில் காலமானார்.

அவருக்குப் பின் தடகளத்தில் இந்தியா அடுத்த ஒலிம்பிக் பதக்கம் பெற 121 ஆண்டுகள் ஆயின. 2021-இல் டோக்கியோவில் ஈட்டி எறிந்து தங்கம் வென்றார் நீரஜ் சோப்ரா. ஒரே ஒலிம்பிக்கில் இரு பதக்கங்கள் என்ற பிரிச்சார்டின் பெருமையை அடுத்து எட்டிய இந்தியர், துப்பாக்கி சுடும் வீராங்கனை மனு பாக்கர். அதுவும் 2024-இல், அதே பாரீஸ் ஒலிம்பிக்கில்தான்.