பேனாவும் மணியார்டரும்

டிப்ளமோ முடிச்சதும் மோட்டார் பம்ப் பட்டறையா, மில்லா, இல்லை மனசுக்குப் பிடிச்ச வேலையா? காந்திபுரம் டீக்கடையில் நாம் தினமும் போடும் இதே சண்டையை மனசுக்குள்ளேயே போட்டுக்கொண்டு ஒரு மனுசன் வாழ்ந்தார். பெயர் சொ.விருத்தாசலம். புதுமைப்பித்தன் என்றால் உங்களுக்குத் தெரியும்.

1906-ல் திருப்பாதிரிப்புலியூரில் பிறந்தவர். அப்பா தாசில்தார். திருநெல்வேலி இந்துக் கல்லூரியில் பி.ஏ. அந்தக் காலத்துல பி.ஏ. என்றால் சர்க்கார் உத்தியோகம் தேடி வரும்! இவரோ 1932-ல் கமலாம்பாளைக் கல்யாணம் செய்துகொண்டு, எழுதிப் பிழைக்கலாமென்று சென்னைக்கு ரயிலேறினார்.

'மணிக்கொடி' அவரைக் கொண்டாடியது. ஆனால் எழுத்தாளருக்குக் காசு கொடுக்க அந்தப் பத்திரிகைக்கே வசதியில்லை. அடுப்பு எரியணுமே? 'ஊழிய'னில் கொஞ்ச நாள், பிறகு 'தினமணி'யில் உதவி ஆசிரியர். அங்கே மாசச் சம்பளம். 1943-ல் ஆசிரியர் டி.எஸ்.சொக்கலிங்கம் விலகியபோது இவரும் விலகிவிட்டார். வீட்டு நிலைமை தெரிந்தே செய்த காரியம் இது. நானாக இருந்தால் செய்திருப்பேனா, சந்தேகந்தான்.

அப்புறந்தான் சினிமா. ஜெமினியின் 'அவ்வையா'ருக்கு எழுதினார். அம்மா பெயரில் 'பர்வதகுமாரி' என்று சொந்தக் கம்பெனி ஆரம்பித்தார். படமே வெளிவரவில்லை, கைப்பணம்தான் போச்சு. கடைசியாக, தியாகராஜ பாகவதரின் 'ராஜமுக்தி'க்கு வசனம் எழுத புனே போனார். சினிமாவுக்குப் போனதால் தன்னை விற்றுவிட்டார் என்பார்கள் சிலர். எனக்கு அப்படித் தோணவில்லை. ஊரில் மனைவி, கைக்குழந்தை. கமலாவுக்கு எழுதிய கடிதங்களைப் பாருங்க, பாசத்துக்குப் பக்கத்திலேயே பணக்கணக்கும் வரும். ஆனால் கதை எழுதும்போது மட்டும் யாருக்காகவும் பேனாவை வளைக்கவில்லை.

புனேயில் காசநோய் முற்றியது. ஸ்ட்ரெப்டோமைசின் 1943-லேயே கண்டுபிடிச்சாச்சு. ஆனால் அன்னிக்கு நம்ம நாட்டில் சாமானியனுக்கு எட்டுற மருந்தா அது? எலும்பும் தோலுமாகத் திருவனந்தபுரம் திரும்பி, 1948-ல் கண்ணை மூடினார். வயசு 42. 'ராஜமுக்தி'யும் அதே வருஷம் வந்து, ஓடாமல் போனது.

2002-ல் தமிழக அரசு அவர் எழுத்துக்களை நாட்டுடைமையாக்கியது. இப்போ யார் வேணுமானாலும் அச்சடிக்கலாம், மலிவுப் பதிப்பே கிடைக்குதுங்க. முதலில் 'பொன்னகரம்' படிங்க. அடிபட்டுக் கிடக்கும் புருஷனுக்குப் பால் கஞ்சி ஊத்தக் காசில்லாத ஒரு மில் தொழிலாளிப் பெண்ணின் கதை. ரெண்டு மூணு பக்கந்தான். காந்திபுரத்துல டவுன் பஸ் கிளம்பறதுக்குள்ள முடிச்சிரலாம். பஸ் இறங்குற வரைக்கும் அதையே நினைச்சிட்டு வருவீங்க.