காமிரா பிடித்த மோட்டார் வியாபாரி

சென்னைத் தெருவில் மோட்டார் கார் போனால் ஜனங்கள் நின்று வேடிக்கை பார்த்த காலம் அது. அந்தக் கார்களை அமெரிக்காவிலிருந்து வரவழைத்து விற்று வந்தவர் ஆர்.நடராஜ முதலியார். 1885-ல் வேலூரில் பிறந்தவர். நல்ல வியாபாரம். கையில் பணம் புரண்டது.

அவருக்கு சினிமா ஆசை பிடித்தது!

பம்பாயில் பால்கே எடுத்த "ராஜா ஹரிச்சந்திரா" என்ற ஊமைப்படம் 1913-ல் வெளிவந்தது. அது சென்னைக்கு வந்தபோது முதலியார் பார்த்தார். நாமும் ஒரு படம் எடுத்தால் என்ன என்ற நினைப்பு அவரை விடவில்லை.

சென்னையில் சொல்லிக் கொடுக்க ஆள் ஏது? பூனாவில் ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற வெள்ளைக்காரர் இருந்தார். கர்சன் பிரபுவைப் பற்றிய படத்தில் வேலை செய்தவர். அவரிடம் போய் முதலியார் தொழில் பழகினார். பிறகு, தஞ்சாவூர் மூப்பனார் ஒருவரிடமிருந்து ஒரு காமிராவை ரூ.1,800 கொடுத்து வாங்கினார்.

கையால் சுற்றும் காமிரா

அக்காலத்துக் காமிராவைக் கையால்தான் சுற்றவேண்டும். விநாடிக்கு இரண்டு சுற்று. அதற்குள் 16 படம் பதிவாகும். கை தளர்ந்து மெதுவாகச் சுற்றினால், திரையில் ஆட்கள் ஓட்டமாய் ஓடுவார்கள். அவசரப்பட்டுச் சுற்றினால், ஆமைபோல் நகருவார்கள். ஆகவே, நடிகர் அழுதாலும் சண்டை போட்டாலும் படம் பிடிப்பவர் கை மட்டும் கடிகாரம் மாதிரி ஓடவேண்டும்.

மில்லர்ஸ் ரோட்டில் ஒரு பங்களாவை வாடகைக்குப் பிடித்து, "இந்தியா பிலிம் கம்பெனி" படப்பிடிப்பைத் தொடங்கியது. சூரியன்தான் விளக்கு. வெயில் கடுமையாக விழாதபடி மேலே மெல்லிய வெள்ளைத் துணி கட்டினார்கள்.

என்ன கதை எடுப்பது? நாடக ஆசிரியர் பம்மல் சம்பந்த முதலியார் யோசனை சொன்னார். திரௌபதியிடம் தகாத ஆசை வைத்த கீசகனைப் பீமன் கொன்ற கதை. இந்தக் கதை வேண்டாம் என்று உறவினர் சிலர் தடுத்தார்கள். முதலியார் கேட்கவில்லை. மேடை நடிகர்கள் ராஜு முதலியாரும் ஜீவரத்தினமும் நடித்தார்கள். டைரக்‌ஷன், காமிரா, எடிட்டிங் எல்லாம் முதலியாரே!

வாராவாரம் பெங்களூர்

பிடித்த படத்தைக் கழுவிப் பார்க்கவேண்டுமே! பிலிமின் மேல் பசை போன்ற பூச்சு ஒன்று உண்டு. படம் பதிவது அதில்தான். தண்ணீர் சூடாக இருந்தால் பூச்சு இளகிவிடும். பட்ட பாடெல்லாம் வீண். சென்னையில் அப்போது அதற்கான சாலையும் இல்லை. எனவே, குளிர்ச்சியான பெங்களூரில் முதலியார் ஒரு சாலை அமைத்தார். வாரக் கடைசியில் அங்கே போவார், படச்சுருளைக் கழுவுவார், திங்கட்கிழமை காலையில் திரும்பிவந்து மறுபடி காமிராவைச் சுற்றுவார். கார் வியாபாரி இத்தனை பாடுபடுவாரா என்று யார் நினைத்திருப்பார்கள்?

35 நாள் படப்பிடிப்பு. செலவு ரூ.35,000. நீளம் 6,000 அடி. இப்படி 1917-18-ல் உருவானது "கீசக வதம்". தென்னிந்தியாவின் முதல் கதைப்படம் அதுதான். இடையிடையே திரையில் வரும் எழுத்துக்களை ஆங்கிலம், தமிழ், இந்தியில் போட்டார்கள். இந்தி எழுத்துக்களை எழுதியவர் மகாத்மா காந்தியின் மகன் தேவதாஸ் காந்தி!

எல்பின்ஸ்டன் தியேட்டரில் கூட்டம் நெரிந்தது. பர்மா, இலங்கை, சிங்கப்பூர் வரை படம் போயிற்று. ரூ.50,000 வசூல்.

"திரௌபதி வஸ்திராபகரணம்", "லவகுசா", "மார்க்கண்டேயா" என்று மேலும் சில படங்கள் எடுத்தார். எல்லாம் புராணக் கதைகள்.

1923-ல் இடி விழுந்தது. தீ விபத்தில் கம்பெனி அழிந்தது. மகனையும் பறிகொடுத்தார். அத்தோடு படத் தொழிலை விட்டுவிட்டார். அப்போது அவருக்கு வயது 38-தான்.

எட்டு வருடம் கழித்து, 1931-ல், தமிழ்ப் படம் "காளிதாஸ்" மூலம் பேசத் தொடங்கியது. சென்னையில் ஸ்டுடியோக்கள் பெருகின. பெரிய காமிராக்களும் கண்ணைக் கூசும் விளக்குகளும் வந்தன. முதலியார் விலகியே இருந்தார். 1971-ல் காலமானார்.

பெங்களூருக்கும் சென்னைக்குமாக அலைந்து அவர் கழுவியெடுத்த "கீசக வதம்" படத்தின் பிரதி ஒன்றுகூட இன்று இல்லை.