மதுரையில் உருவான முதல் சிங்களப் படம். நாயகியின் நிஜப் பெயர் ராசம்மா!

மதுரை:
இலங்கையின் முதல் சிங்களப் பேசும் படம் எங்கே எடுக்கப்பட்டது தெரியுமா? கொழும்பில் இல்லை. கண்டியிலும் இல்லை. நம்ம மதுரையில்! படத்துக்குப் பணம் போட்டவரும் மதுரைக்காரர்தான். அதில் கதாநாயகியாக நடித்த பெண்ணின் நிஜப் பெயர் ராசம்மா. இலங்கையின் குயில் என்று சிங்கள மக்கள் தலையில் தூக்கி வைத்துக் கொண்டாடிய ருக்மணி தேவிதான் அந்த ராசம்மா.

சென்னையில் கலாசேத்திராவைத் தொடங்கிய ருக்மணி தேவி அருண்டேல் வேறு, இவர் வேறு. பெயர் ஒன்றாக இருப்பதால் பலருக்கும் குழப்பம் வருவது உண்டு. இவர் மேடையில் பாடி, இசைத்தட்டில் பாடி, சினிமாவிலும் பாடி நடித்து, கடைசி நாள் வரைக்கும் பாட்டை விடாத இலங்கைப் பெண்.

மலையில் பிறந்த குழந்தை

நுவரெலியா மாவட்டம் ரம்பொடை. சுற்றிலும் தேயிலைத் தோட்டம், பக்கத்தில் அருவி. குளிர் நடுக்கும் ஊர். அங்கேதான் 1923-ம் ஆண்டு ஜனவரி 15-ந்தேதி அந்தக் குழந்தை பிறந்தது. வைத்த பெயர் டெய்சி ராசம்மா டேனியல்ஸ். பாதி ஆங்கிலம், பாதி தமிழ்.

குடும்பம் கொழும்புச் செட்டி சமூகத்தைச் சேர்ந்தது. வியாபாரத்துக்காகத் தென்னிந்தியாவில் இருந்து கடல் தாண்டிப் போய் இலங்கையில் குடியேறியவர்களின் வழி வந்தவர்கள் இவர்கள். பிறகு பலர் கிறிஸ்தவ மதத்துக்கு மாறினார்கள். ராசம்மா வீடும் கிறிஸ்தவ வீடுதான். அம்மா டீச்சர்.

பிறகு குடும்பம் கொழும்பு வெள்ளவத்தைக்கு வந்து சேர்ந்தது. பொண்ணுக்கு வாய் திறந்தால் பாட்டு. 7 வயதில் ஒரு கிறிஸ்துமஸ் நாடகத்தில் மேடை ஏறிவிட்டாள். அன்றைக்குப் பிடித்த மேடை ஆசை அதற்குப் பிறகு விடவே இல்லை.

12 வயதில் சீதை

அப்போது இலங்கையில் சினிமா கிடையாது என்றே சொல்லலாம். வெளியூர்ப் படங்கள்தான் ஓடும். ஜனங்களுக்குப் பெரிய பொழுதுபோக்கு நாடகம். கொழும்பு மருதானையில் 1911-ல் திறக்கப்பட்ட டவர் ஹால் அரங்கம் ரொம்பப் பிரபலம். ஆர்மோனியம், தபலா முழங்க விடிய விடிய பாட்டு நாடகம் நடக்கும். நம்ம ஊர் ஸ்பெஷல் நாடகம் மாதிரிதான். தமிழ்நாட்டு நாடகக் குழுக்களும் கப்பல் ஏறிப் போய் கொழும்பில் நாடகம் போட்ட காலம் அது. கே.பி.சுந்தராம்பாளும் எஸ்.ஜி.கிட்டப்பாவும் ஜோடி சேர்ந்ததே கொழும்பு மேடையில்தான்.

ஆனால் குடும்பப் பெண்கள் நடிக்க வரமாட்டார்கள். நடிக்கிற பெண் என்றாலே ஊர் ஒரு மாதிரி பார்க்கும். பெண் வேடத்தையும் ஆண்களே கட்டிய காலம் உண்டு. லட்சுமிபாய், ஆனி பொத்தேஜு போன்ற ஒரு சிலர்தான் துணிந்து மேடை ஏறி, பின்னால் வந்தவர்களுக்கு வழி போட்டுக் கொடுத்தவர்கள்.

அந்த வழியில்தான் ராசம்மாவும் வந்தார். டிக் டயஸ் என்ற நாடகக்காரர் 'ராமாயணய' நாடகத்தில் அவரை சீதையாக நடிக்க வைத்தார். அப்போது பொண்ணுக்கு வயது 12-ஐ ஒட்டித்தான் இருக்கும். மைக் வசதி பெரிதாக இல்லாத நாட்கள். கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருப்பவன் காதிலும் விழுகிற மாதிரி பாட வேண்டும். அந்தக் குரல் விழுந்தது. கூட்டம் அசந்துபோனது. டெய்சி ராசம்மா என்ற பெயர் வீட்டோடு நின்றது. மேடைக்கு அவர் ருக்மணி தேவி ஆனார்.

கிறிஸ்தவப் பெண் பாடிய புத்த கயா பாட்டு

1930-களின் கடைசியில் கிராமபோன் கம்பெனி அவரைப் பாட அழைத்தது. எச்.டபிள்யூ.ரூபசிங்க என்ற இசைக் கலைஞருடன் சேர்ந்து அவர் பாடிய முதல் இசைத்தட்டு, புத்த கயா விகாரையைப் பற்றியது.

யோசித்துப் பாருங்கள். பிறந்தது கிறிஸ்தவ வீடு. பெயரில் தமிழ். பாடியது சிங்களம். பாட்டு புத்தருக்கு! கேட்டவர்கள் யாரும் இதையெல்லாம் கணக்குப் பார்க்கவில்லை. கிராமபோன் பெட்டி வைத்திருந்த வீட்டில் எல்லாம் அந்தத் தட்டு சுற்றியது. பெட்டி இல்லாதவர்கள் கடை வாசலில் நின்று கேட்டார்கள்.

சிரிப்பும் அழுகையும் சேர்ந்த ஜோடி

கொழும்புக்கு வடக்கே கடலோரத்தில் இருக்கிற ஊர் நீர்கொழும்பு. மீன்பிடி ஊர். அங்கே பி.ஏ.டபிள்யூ.ஜெயமான்ன என்பவர் மினர்வா என்ற நாடகக் குழுவை நடத்தி வந்தார். அவரே கதை எழுதுவார், அவரே நடத்துவார். அவருடைய தம்பி எடி ஜெயமான்ன. பெரிய சிரிப்பு நடிகர். மேடையில் வந்து நின்றாலே ஜனங்கள் வயிற்றைப் பிடித்துக்கொள்வார்கள்.

அந்தக் குழுவில் ருக்மணி சேர்ந்தார். எடி சிரிக்க வைப்பார், ருக்மணி அழ வைப்பார். இந்த இரண்டும் சேர்ந்ததில் டிக்கெட் பறந்தது. மேடை ஜோடி வாழ்க்கை ஜோடியும் ஆனது. 1943-ல் இருவருக்கும் கல்யாணம். மலையில் பிறந்த ராசம்மாவுக்கு நீர்கொழும்பு சொந்த ஊர் ஆகிவிட்டது.

மதுரைக்கு வந்த படக்குழு

இந்த நேரத்தில்தான் எஸ்.எம்.நாயகம் கதைக்குள் வருகிறார். மதுரைக்காரர். இலங்கையிலும் தொழில் நடத்தியவர். சிங்களம் பேசுகிற ஜனங்கள் தமிழ்ப் படத்தையும் இந்திப் படத்தையும் பாஷை புரியாமலே கூட்டம் கூட்டமாகப் போய்ப் பார்ப்பதை அவர் கவனித்தார். அவர்கள் பாஷையிலேயே படம் எடுத்தால் எப்படி ஓடும் என்று கணக்குப் போட்டார்.

ஆனால் இலங்கையில் பேசும் படம் எடுக்க ஸ்டூடியோ இல்லை. மதுரையில் அவருக்குச் சித்ரகலா மூவிடோன் ஸ்டூடியோ இருந்தது. அதனால் மினர்வா குழுவின் வெற்றி நாடகமான 'கடவுனு பொரொந்துவ' மதுரைக்கு வந்து படமானது. உடைந்த வாக்குறுதி என்பது அதன் அர்த்தம். இயக்கியவர் ஜோதிஷ் சிங்.

அந்தக் காலத்தில் இலங்கைக்கும் தமிழ்நாட்டுக்கும் போக்குவரத்து சுலபம். கொழும்பில் ராத்திரி ரயில் ஏறினால் தலைமன்னார். அங்கிருந்து கப்பலில் தனுஷ்கோடி. மறுபடி ரயில். 1964 டிசம்பர் புயல் தனுஷ்கோடியை அழிக்கிற வரை இந்தப் பாதை ஜனங்களுக்குப் பழக்கப்பட்ட பாதை.

இதே நேரத்தில் 'அசோகமாலா' என்ற இன்னொரு சிங்களப் படம் கோவை சென்ட்ரல் ஸ்டூடியோவில் வளர்ந்து வந்தது. யார் முதலில் என்று போட்டி. ஜெயித்தது மதுரைப் படம்.

1947-ம் ஆண்டு ஜனவரி 21-ந்தேதி கொழும்பு மைலன் தியேட்டரில் 'கடவுனு பொரொந்துவ' வெளியானது. ருக்மணிக்கு 24 வயது முடிந்து 6 நாள்தான் ஆகியிருந்தது. திரையில் தங்கள் சொந்தப் பாஷையை முதல்முறையாகக் கேட்ட ஜனங்களுக்குத் தலைகால் புரியவில்லை. எடி ஜெயமான்னவும் ஜெமினி காந்தா என்ற சிரிப்பு நடிகையும் கலகலப்பூட்ட, ருக்மணியின் பாட்டு படத்துக்கு உயிராக இருந்தது. அன்றைய தேதியைத்தான் சிங்கள சினிமா பிறந்த நாளாக இன்றும் சொல்கிறார்கள்.

வரிசையாகப் படங்கள்

அடுத்த வருஷமே, 1948-ல், 'கபடி ஆரக்ஷகயா', 'வெரதுனு குருமானம' என்று இரண்டு படங்கள். 1951-ல் 'செங்கவுனு பிளிதுர'. 1952-ல் 'உமது விஸ்வாசய'. ஜெயமான்ன குடும்பத்துப் படம் என்றால் ருக்மணி இல்லாமல் இல்லை. பெரும்பாலும் தென்னிந்திய ஸ்டூடியோக்களில்தான் வேலை நடந்தது.

சிங்கள சினிமாவின் ஆரம்ப நாட்களில் நம்ம ஊர் ஆட்கள் பலர் கைகொடுத்தார்கள். ருக்மணியுடன் டூயட் பாடிய மொகிதீன் பேக் சேலத்தில் பிறந்தவர். சிங்களப் படங்களுக்கு இசை அமைத்துப் பெயர் வாங்கிய ஆர்.முத்துசாமி நாகர்கோவில்காரர். எஸ்.எம்.நாயகம் பிறகு இலங்கை கந்தானையில் ஸ்ரீமுருகன் நவகலா என்ற பெயரிலேயே ஸ்டூடியோ கட்டினார் என்பது குறிப்பிடத்தக்கது.

படித்தவர்கள் இந்தப் படங்களைக் குறை சொன்னார்கள். மேடை நாடகத்தை அப்படியே கேமராவில் பிடித்தது போல இருக்கிறது, மெட்டுகள் இந்தியிலும் தமிழிலும் இருந்து எடுத்தவை என்றார்கள். அதில் உண்மையும் இருந்தது. ஆனால் ருக்மணி அழுதால் தியேட்டரில் பெண்கள் முந்தானையால் கண்ணைத் துடைத்தார்கள். இதுவும் உண்மைதான். இலங்கை வானொலியிலும் அவர் குரல் ஒலித்துக்கொண்டே இருந்தது.

காற்று மாறியது

1956-ல் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் 'ரேகாவ' என்ற படத்தை எடுத்தார். ஸ்டூடியோ செட் இல்லை. இலங்கைக் கிராமத்திலேயே நேரில் போய் எடுத்த படம். அதற்குப் பிறகு சினிமாவின் போக்கு மெல்ல மாறியது. சத்தமாகப் பேசி, நீட்டிப் பாடி நடிக்கிற பாணி பழசு ஆனது. புது முகங்கள் வந்தார்கள். ருக்மணிக்குக் கதாநாயகி வேடம் குறைந்தது.

அதே 1956-ல்தான் சிங்களம் மட்டும் ஆட்சிமொழி என்ற சட்டமும் வந்தது. 1958-லும் 1977-லும் தமிழர்களுக்கு எதிராகக் கலவரம் வெடித்தது. நாடு இரண்டாகப் பிரிந்து முறைத்துக்கொண்ட அந்த நாட்களிலும், ராசம்மா என்று பெயர் வைக்கப்பட்ட இந்தப் பெண் மேடை ஏறினால் சிங்கள ஜனங்கள் கைதட்டினார்கள். பாட்டுக்கு அவ்வளவு பலம் இருந்தது. ஆனால் சண்டையை நிறுத்துகிற பலம் பாட்டுக்கு இல்லை.

படம் குறைந்தாலும் அவர் வீட்டில் உட்காரவில்லை. கார்னிவல், இசை நிகழ்ச்சி என்று ஊர் ஊராகப் போய்ப் பாடினார். இளவட்டப் பையன்களின் கிட்டார் இசைக்குழுக்களோடும் பாடினார். ஒரு காலத்தில் உச்சியில் இருந்த நாயகி, 50 வயதைத் தாண்டியும் ராத்திரிப் பயணம் செய்து மேடை மேடையாக ஏறினார்.

வீட்டுக்குத் திரும்பும் வழியில்...

1978 அக்டோபர். இலங்கையின் தெற்குக் கோடியில் உள்ள மாத்தறையில் இசை நிகழ்ச்சி. பாடி முடித்துவிட்டு காரில் நீர்கொழும்புக்குக் கிளம்பினார். மாத்தறையில் இருந்து கொழும்புக்கே 160 கிலோ மீட்டர். அதையும் தாண்டி வடக்கே போக வேண்டும்.

கொழும்பைத் தாண்டி ஜா-எல பக்கம் துடெல்ல என்ற இடம். வீட்டுக்கு இன்னும் கொஞ்ச தூரம்தான். அங்கே கார் விபத்தில் சிக்கியது. 1978 அக்டோபர் 28-ந்தேதி ருக்மணி தேவி இறந்தார். வயது 55.

செய்தி பரவியதும் நீர்கொழும்பு ஜனக்கடலாக மாறியது. அவரோடு நடித்தவர்கள், அவர் பாட்டைக் கேட்டு வளர்ந்தவர்கள், சினிமாவையே பார்க்காதவர்கள்கூட வரிசையில் நின்றார்கள். நீர்கொழும்பிலேயே அடக்கம் நடந்தது. கணவர் எடி ஜெயமான்ன அதற்குப் பிறகு மூன்று வருஷம்தான் இருந்தார். 1981-ல் அவரும் போய்விட்டார்.

1983 ஜூலைக் கலவரத்தைப் பார்க்க ருக்மணி இல்லை. அப்போது தமிழர் கே.குணரத்தினம் கட்டிய ஹெந்தளை விஜயா ஸ்டூடியோ தீக்கிரையானது. சிங்களப் படங்களை இயக்கிய தமிழரான கே.வெங்கட் கொல்லப்பட்டார். சிங்கள சினிமாவைத் தூக்கி நிறுத்திய கைகளில் தமிழ்க் கைகளும் உண்டு என்பதை அன்றைக்கு வெறி பிடித்தவர்கள் நினைத்துப் பார்க்கவில்லை.

நீர்கொழும்பில் ருக்மணி தேவிக்குச் சிலை வைத்திருக்கிறார்கள். 2023-ம் ஆண்டோடு அவர் பிறந்து நூறு வருஷம் நிறைந்தது. அவர் பாட்டுகள் இலங்கை ரேடியோவில் இன்னமும் ஒலிக்கின்றன. சிங்கள சினிமாவின் முதல் நாயகி கேமரா முன்னால் நின்ற ஊர் மதுரை என்பது மட்டும் இங்கே பலருக்கும் தெரியாது.