ஜாஹிர் ரைஹான்: அண்ணனைத் தேடிப்போன இயக்குநர்

வீட்டுச் சாவிக்கொத்து அரசியல் பேசுமா? 1970-ல் வந்த 'ஜீபன் தேகே நேயா' படத்தைப் பாருங்க. சாவிக்கொத்தைக் கையில் வைத்துக்கொண்டு குடும்பத்தையே ஆட்டிப்படைக்கும் அக்கா, பாகிஸ்தானின் சர்வாதிகார ஆட்சிக்கு உருவகம் என்பது உங்களுக்கே புரிஞ்சிடும்.

இயக்கியவர் ஜாஹிர் ரைஹான். 1935-ல் பிறந்தவர், 1952 வங்கமொழிப் போராட்டத்தில் கைதானவர். 1971 போரின்போது கொல்கத்தா வந்தார். கையில் காசில்லை. ஆனாலும், அங்கே இந்தப் படம் ஓடிக் கிடைத்த பணத்தை விடுதலைப் போருக்கே கொடுத்துட்டார். அகதிகளின் துயரத்தை 'ஸ்டாப் ஜெனோசைடு' ஆவணப்படமாக்கி உலகத்துக்குக் காட்டினார்.

பாகிஸ்தான் படை சரணடைய 2 நாள் இருக்கும்போது, டாக்காவில் எழுத்தாளரான அண்ணன் ஷஹிதுல்லா கைசரைக் கடத்திட்டாங்க. அவரைத் தேடி 1972 ஜனவரி 30 அன்று டாக்காவின் மீர்பூருக்குப் போன ஜாஹிர், திரும்பி வரவே இல்லை. அப்போ அவருக்கு வயசு 36.