சண்டிகரை வடிவமைத்தவருக்கு 12 அடி வீடு! யார் இந்த லே கார்பூசியர்?

சுவிட்சர்லாந்தின் லா ஷோ-த-ஃபோன் கடிகாரத் தொழிலுக்குப் பெயர்போன ஊர். 1887-ல் அங்கு பிறந்த லே கார்பூசியர், முதலில் கற்றது கடிகாரத்தில் செதுக்கும் வேலை. ஆனா, கண் பார்வை ஒத்துழைக்கல. ஆசிரியர் கட்டடக்கலைப் பக்கம் திருப்பிவிட்டார்.

பிரிவினையில் லாகூரை இழந்த பஞ்சாபுக்குப் புதுத் தலைநகர் தேவைப்பட்டது. 1950-ல் சண்டிகர் பொறுப்பு இவரிடம் வந்தது.

ஒரு நகரத்தையே வடிவமைத்தவர், 1952-ல் பிரான்ஸ் கடலோரத்தில் தனக்குன்னு கட்டியது என்ன தெரியுமா? நீளம், அகலம் ரெண்டும் 12 அடி மட்டுமே உள்ள மரக் குடில்! சமையலறைகூட கிடையாது; சாப்பாடு பக்கத்து உணவகத்தில். மனித உடலின் அளவை வைத்துக் கணக்குப் போட்டால், வாழ அவ்வளவு இடமே போதும் என்பது அவர் எண்ணம்.

1965-ல் அதே கடலில் நீந்தும்போது, 77 வயதில் உயிரிழந்தார். 2016-ல் சண்டிகர் சட்டசபை வளாகமும் அந்தச் சின்னக் குடிலும் ஒன்றாகவே யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தன.