தில்லையாடி வள்ளியம்மை

மதுரை மாநகரில் பாண்டியன் அவையில் நீதி கேட்டு நின்றாள் கண்ணகி. அண்மைக் காலத்தில், ஆப்பிரிக்கக் கண்டத்தின் தென்கோடியில், நீதி வேண்டிச் சிறை புகுந்தார் ஒரு தமிழ்ச் சிறுமி. அவரே வள்ளியம்மை.

தென்னாப்பிரிக்காவின் நேட்டால் பகுதியிலுள்ள கரும்புத் தோட்டங்களில் உழைக்க, 1860 முதல் தமிழர் பலர் ஒப்பந்தக் கூலிகளாய்க் கப்பலேறினர். பின்னர் வணிகரும் குடியேறினர். பொற்சுரங்கங்கள் சூழ்ந்த ஜோகன்னஸ்பர்க் நகரில், முனுசாமி, மங்களம் என்பார்க்கு மகளாய் 1898-இல் வள்ளியம்மை பிறந்தார். தஞ்சைத் தரணியின் தில்லையாடி அவர்தம் தாயின் ஊர்.

ஒப்பந்தம் முடிந்த பின்னும் நேட்டாலில் தங்கிய இந்தியர், பல மாதக் கூலிக்கு ஈடான மூன்று பவுன் வரியை ஆண்டுதோறும் செலுத்த வேண்டியிருந்தது. அத்துடன், கிறித்தவ முறைப்படி நிகழாத திருமணங்கள் செல்லா என 1913-இல் கேப் நகர நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தம் இல்லறத்திற்கு நேர்ந்த இழிவைப் பொறாத மகளிர், காந்தியடிகள் நடத்திய அறப்போரில் இறங்கினர். தாயுடன் வள்ளியம்மையும் சேர்ந்தார். இசைவுச் சீட்டின்றி மாநில எல்லையைக் கடத்தல் இந்தியர்க்குக் குற்றம். அதனை அறிந்தே செய்து, மூன்று திங்கள் கடுங்காவல் பெற்றார்.

மாரிட்சுபர்க் சிறையில் கொடுங்காய்ச்சல் அவரைப் பற்றியது. மெலிந்த உடலுடன் வெளிவந்தவர், சிறை சென்றமைக்கு வருந்தினாரல்லர். மீண்டும் செல்லவும் ஆயத்தமாயிருந்தார். ஆயினும், 1914 பிப்ரவரி 22-இல் அவர் உயிர் பிரிந்தது. வயது 16.

அவ்வாண்டே புதிய சட்டம் பிறந்தது. தலைவரி ஒழிந்தது, திருமணங்கள் ஏற்கப்பட்டன. 1915-இல் காந்தியடிகள் தில்லையாடிக்கு வந்தார். மானம் காக்க வயதோ வலிமையோ வேண்டுவதில்லை; நெஞ்சுரமே வேண்டும் என்பதற்கு அவ்வம்மையார் வாழ்வே சான்று.