ஒலிவாங்கியைப் பகிராத குரல்

எழுபதுகளில் ஒசூரில் வானொலி வர்ணனை கேட்டு வளர்ந்தவன் நான். சற்று நேரத்துக்கொருமுறை குரல் மாறும். அதுவே இயல்பென்று எண்ணியிருந்தேன். அம்முறையை ஏற்காமல், புகழின் உச்சியில் விலகிய பாபி தல்யார்கானைப் பின்னாளில்தான் அறிந்தேன்.

1897-இல் பிறந்த பார்சி அவர். 1934-இல் பம்பாய் எஸ்பிளனேடு மைதானத்தில் பார்சி, முஸ்லிம் அணிகள் மோதிய ஆட்டத்தை வானொலியில் வர்ணித்தார். இந்தியக் கிரிக்கெட் வர்ணனை அங்கே தொடங்கிற்று. உணவு, தேநீர் இடைவேளைகள் தவிர நாள் முழுவதும் அவர் ஒருவரே பேசுவார். ஆழ்ந்த குரல். மைதானத்தைக் கண்டிராதவர்களும் அக்குரல் வழியே ஆட்டத்தைக் கண்டனர்.

1948-49-இல் மேற்கிந்தியத் தீவுகள் அணி வந்தபோது, மூவர் மாறிமாறி வர்ணிக்க அகில இந்திய வானொலி ஏற்பாடு செய்தது. அவர் விலகிக்கொண்டார்.

செருக்கு என்பார் உண்டு, ஓரளவு உண்மையும்கூட. ஆயினும் எங்கள் பக்கத்துத் தெருக்கூத்தில் ஒரே கட்டியங்காரன் விடியும்வரை கதையை இழுத்துச் செல்வதைக் கண்ட எனக்கு, அந்தப் பிடிவாதம் புரிகிறது. ஐந்து நாள் ஆட்டமும் ஒரு கதைதானே!

1954-55 பாகிஸ்தான் தொடருக்கு மீண்டும் வந்தார். பத்திரிகைகளில் பத்தி எழுதினார். 1972-73-இல் ஆட்டத் தொகுப்புரை வழங்கினார். 1990-இல் மறைந்தார். ஒலிவாங்கி அதற்குள் பலர் கைக்கு மாறியிருந்தது.